தீக்குச்சிகளின் கும்மாளம்: இல்லாத ஒரு படத்துக்கு விமர்சனம்

இந்தியாவின் முதல் அனிமேஷன் படம் எது? வினாடி வினா நடத்துபவர்களுக்குப் பிடித்த கேள்வி. பதிலும் தயாராக இருக்கும்: தாதாசாகேப் பால்கே, 1915, 'ஆக்காட்யாஞ்சி மௌஜ்'. மராத்தியில் தீக்குச்சிகளின் கும்மாளம் என்று வைத்துக்கொள்ளலாம். பஸ்ஸரை அழுத்தி, பத்து மதிப்பெண் வாங்கிக்கொண்டு அடுத்த கேள்விக்குப் போய்விடலாம். நானும் பல வருஷம் அப்படித்தான் போய்க்கொண்டிருந்தேன்.

கொஞ்ச நாள் முன்னால்தான் ஒரு விஷயம் உறைத்தது. இந்தப் படத்தைப் பற்றிப் பேசும் யாருமே இந்தப் படத்தைப் பார்த்ததில்லை. பிரதி இல்லை. "முதல்" என்ற மெடலை மட்டும் சுவரில் மாட்டி வைத்திருக்கிறோம், மெடல் வாங்கிய ஆளைக் காணோம்.

பழைய குறிப்பு ஒன்றில் நானே இப்படி எழுதியிருந்தேன்: மௌன காலத்து அனிமேஷன் துண்டுப் படங்கள் எல்லாம் தொழில்நுட்ப ஏணியில் ஒரு படி, அவ்வளவுதான், சரித்திர முக்கியத்துவம் உண்டு, ரசிக்க ஒன்றும் இல்லை. அந்தக் கருத்தை இப்போது திரும்பப் பெறுகிறேன். ஏன் என்று சொல்வதற்குத்தான் இந்தக் கட்டுரை.

இல்லாத படத்துக்கு எப்படி விமர்சனம் எழுதுவது? மூன்று வழி தெரிந்தது. ஒன்று, அதே காலத்தில் வெளிநாட்டில் வந்து இன்றும் பார்க்கக் கிடைக்கும் பங்காளிப் படங்களைப் பார்ப்பது. இரண்டு, பால்கேயின் மற்ற படங்களில் மிஞ்சியவற்றைப் பார்ப்பது. மூன்று, தீப்பெட்டி வாங்கி நாமே செய்து பார்ப்பது. மூன்றையும் செய்தேன்.

புள்ளி வைக்காத கோலம்

முதலில் பங்காளிகள். பிரான்ஸின் எமீல் கோல். கேலிச்சித்திரக்காரர். கோமோன் கம்பெனிக்காக 1908-இல் 'ஃபான்டாஸ்மகோரி' என்ற படத்தைச் செய்தார். அப்போது அவருக்கு வயது 51. ஐடி கம்பெனியில் நாற்பதைத் தாண்டியதும் "இனி நமக்குப் புதுசா எதுவும் வராது" என்று உட்கார்ந்துவிடும் என் போன்றவர்கள் இந்த எண்ணைக் குறித்து வைத்துக்கொள்ளலாம்.

சுமார் 700 ஓவியங்கள். ஒவ்வொன்றையும் இரண்டு ஃபிரேம் எடுத்திருக்கிறார். நொடிக்கு 16 ஃபிரேம் என்று கணக்குப் போட்டால் ஒன்றரை நிமிஷத்துக்குச் சற்றுக் குறைவு. அடியில் விளக்கு வைத்த கண்ணாடி மேஜை. பழைய ஓவியத்தின் மேல் புதுத் தாளை வைத்து, கொஞ்சமாக மாற்றி வரைவது. கறுப்புக் கோட்டில் வரைந்துவிட்டு நெகட்டிவாக அச்சிட்டதால், திரையில் கரும்பலகையில் சாக்பீஸ் கோடு மாதிரி தெரியும். அதற்கு இரண்டு வருஷம் முன்பு அமெரிக்காவில் ஸ்டூவர்ட் பிளாக்டன் நிஜமாகவே கரும்பலகையில் முகங்கள் வரைந்து ஒரு படம் செய்திருந்தார். கோலின் படம் அந்தத் தோற்றத்தை வாங்கிக்கொண்டு வேறு எங்கோ போய்விடுகிறது.

ஒரு கை உள்ளே வந்து ஒரு கோமாளியை வரைகிறது. பிறகு தொப்பி போட்ட ஒரு கனவான் வந்து தியேட்டரில் உட்காருகிறார். முன்சீட்டில் பெரிய இறகுத் தொப்பியோடு ஒரு அம்மணி. திரை மறைக்கிறது. இவர் ஒவ்வொரு இறகாகப் பிடுங்கிப் போடுகிறார். இதுவரைக்கும் புரிகிறது. அதற்கப்புறம்தான் வேடிக்கை. பாட்டில் பூவாகிறது, பூவின் தண்டு யானையின் தும்பிக்கையாகிறது, யானை வீடாகிறது, வீட்டுக்குள் கோமாளி மாட்டிக்கொள்கிறான், ஜன்னல் வழியாகக் குதிக்கிறான், தலை கழன்று போகிறது. வரைந்த கை மறுபடி வந்து ஒட்டுப் போடுகிறது. கடைசியில் கோமாளி குதிரை ஏறிப் போயே போய்விடுகிறான்.

முதல் தடவை நான் இதை எப்படிப் பார்த்தேன் தெரியுமா? யூடியூபில், ஒன்றரை மடங்கு வேகத்தில், மீட்டிங் தொடங்குவதற்கு முன்னால் கிடைத்த இடைவெளியில். "சரி, பாட்டில் யானையாயிடுச்சு" என்று மூடி வைத்துவிட்டேன். பார்ப்பது ஒரு வேலை என்று நினைத்தால் இந்தப் படம் எதையும் தராது.

இரண்டாம் தடவை மெதுவாகப் பார்த்தபோது நினைவுக்கு வந்தது மார்கழி மாசத்து மயிலாப்பூர் வடக்கு மாட வீதி. சிக்குக் கோலம் போடுபவர் கையை எடுக்காமல் இழுத்துக்கொண்டே போவார். பார்க்கிற நமக்கு அடுத்த வளைவு எங்கே போகும் என்று ஒரு சின்னப் பதற்றம் இருக்கும். ஆனால் கோலத்துக்குப் புள்ளிகள் உண்டு. கோடு எங்கே சுற்றினாலும் வீடு திரும்பிவிடும். கோலின் கோட்டுக்குப் புள்ளியே கிடையாது. அது திரும்பி வரும் என்று யாரும் உத்தரவாதம் கொடுக்கவில்லை. சிரிப்பு அங்கேதான் பிறக்கிறது.

இதைச் சர்ரியல் என்று சொல்லலாமா? நம்ம ஊர்ச் சிறுபத்திரிகைகளில் மீயதார்த்தம் என்று எழுதுவார்களே, அது. ஆந்த்ரே ப்ரெதோன் சர்ரியலிச அறிக்கையை வெளியிட்டது 1924-இல். கோலின் படம் அதற்கு 16 வருஷம் மூத்தது. கோல் இளமையில் 'இன்கோஹெரென்ட்' என்ற ஒரு கூட்டத்தோடு சுற்றியவர். கோர்வையற்றவர்கள் என்று தமிழில் சொல்லலாம். 1880-களில் பாரிஸில் வேண்டுமென்றே அபத்தமான ஓவியக் கண்காட்சிகளை நடத்தியவர்கள். ஆகவே இது ஆழ்மனத் தத்துவத்திலிருந்து வந்தது இல்லை. ஒரு நண்பர் குழாமின் அரட்டையிலிருந்து வந்தது. எனக்கு இந்த வித்தியாசம் முக்கியமாகப் படுகிறது. தத்துவம் பின்னால் வந்து பெயர் வைத்தது. விளையாட்டு முன்னாலேயே வந்துவிட்டது.

ஒரு கொசு, ஒரு வண்டு

இன்னும் இரண்டு பங்காளிகளைச் சுருக்கமாகப் பார்த்துவிடலாம்.

வின்சர் மெக்கே, அமெரிக்கர், பத்திரிகை ஓவியர். 1912-இல் 'கொசு எப்படி வேலை செய்கிறது' என்று ஒரு படம் செய்தார். அடையாற்றில் குடியிருப்பவர்கள் கட்டாயம் பார்க்க வேண்டிய படம். கொசு உயரமான தொப்பி போட்டுக்கொண்டு, கையில் பெட்டியோடு, ஆபீஸ் போகிறவர் மாதிரி வருகிறது. தூங்குகிற மனிதனின் முகத்தை அளவெடுக்கிறது. மூக்கைச் சாணைக்கல்லில் தீட்டிக்கொள்கிறது. குடிக்கிறது, குடிக்கிறது, வெடித்துவிடுகிறது. கோலின் படத்தில் எதுவும் எதுவாகவும் மாறலாம். மெக்கேயின் படத்தில் கொசு கடைசி வரை கொசுதான். ஆனால் அதற்கு ஒரு குணம் இருக்கிறது, பேராசை. இரண்டு வருஷம் கழித்து அவர் செய்த டைனோசர் கெர்ட்டிக்கு அழக்கூடத் தெரியும். மேடையில் மெக்கே சாட்டையோடு நின்று உத்தரவு போடுவார், திரையில் கெர்ட்டி முரண்டு பிடிக்கும்.

அதே 1912-இல் ரஷ்யாவில் ஸ்டாரெவிச் 'கேமராமேனின் பழி' எடுத்தார். நடிகர்கள் எல்லாம் செத்த பூச்சிகள், காலில் கம்பி பொருத்தி நகர்த்தியது. வண்டுக் கணவன் திருட்டுத்தனமாகத் தும்பி நடனக்காரியைப் பார்க்கப் போகிறான். வெட்டுக்கிளி ஒருவன் சாவித் துவாரம் வழியாக அதைப் படம் பிடித்து, வண்டுத் தம்பதி சினிமா பார்க்க வந்த தியேட்டரிலேயே ஓட்டிவிடுகிறான். சிசிடிவி காலத்தில் இதைப் பார்த்தால் சிரிப்போடு கொஞ்சம் உதறலும் வருகிறது. அந்தக் காலத்தில் சிலர் இவை பழக்கப்படுத்தப்பட்ட பூச்சிகள் என்றே நம்பியதாகச் சொல்வார்கள்.

கோல் தீக்குச்சிகளையும் விட்டுவைக்கவில்லை. 1908-லேயே 'உயிர் பெற்ற தீக்குச்சிகள்' என்று ஒரு படம் செய்தார். ஏழு வருஷம் கழித்து நாசிக்கில் பால்கே அதே பொருளைக் கையில் எடுக்கிறார். கோலைப் பார்த்துத்தான் எடுத்தாரா என்பதைவிட, ஏன் தீக்குச்சி என்பதுதான் எனக்குச் சுவாரஸ்யமான கேள்வி. தீக்குச்சிக்கு முகம் இல்லை. ஆனால் தலை இருக்கிறது. மருந்து வைத்த ஒரு முனை இருப்பதாலேயே அதற்கு முன், பின், மேல், கீழ் எல்லாம் வந்துவிடுகிறது. இதைவிட மலிவான நடிகன் கிடைப்பானா?

ஒரு சின்னத் தகவல். 1915-இல் சிவகாசித் தீப்பெட்டி கிடையாது. அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா போய்த் தொழில் கற்றுக்கொண்டு வந்து ஆரம்பித்தது 1920-களில். அப்போது இந்தியாவில் புழங்கியவை பெரும்பாலும் ஸ்வீடன், ஜப்பான் தீப்பெட்டிகள். நம் முதல் அனிமேஷன் நட்சத்திரங்கள் பெரும்பாலும் வெளிநாட்டில் பிறந்தவர்களாகத்தான் இருக்க வேண்டும்.

பால்கேயின் இரண்டு சட்டைப் பைகள்

இப்போது இரண்டாம் வழி. பால்கே என்றதும் நமக்கு 'ராஜா ஹரிச்சந்திரா', 1913, புராணப் படம், இந்திய சினிமாவின் தந்தை. சரி. ஆனால் அவர் அதற்கு முன்னால் எடுத்தது ஒரு பட்டாணிச் செடியை. தொட்டியில் பட்டாணி விதைத்து, கேமராவை எதிரே வைத்து, தினம் ஒரு ஃபிரேமாக ஒரு மாதத்துக்கு மேல் எடுத்தார். ஓட்டிப் பார்த்தால் செடி சில நொடிகளில் முளைத்து வளர்ந்து நிற்கும். பணம் போடுகிறவர்களிடம் காட்டுவதற்காக எடுத்தது. எங்கள் தொழில் பாஷையில் சொன்னால் டெமோ. முதலீட்டாளரிடம் முழுப் புராடக்டைக் காட்ட முடியாதபோது ஒரு சின்ன அதிசயத்தைக் காட்டுவோம் இல்லையா, அதே உத்தி.

கவனியுங்கள்: இந்திய சினிமா ஹரிச்சந்திரனோடு தொடங்கும் முன்பே, ஒற்றை ஃபிரேம் உத்தியோடு தொடங்கிவிட்டது.

பால்கே மந்திரவாதியும்கூட. மேடை ஜாலவித்தை கற்றவர். 'ப்ரொஃபசர் கேல்ஃபா' என்று பெயர் வைத்துக்கொண்டார். திருப்பிப் போட்டுப் பாருங்கள், ஃபால்கே வரும். தன் பெயரையே தலைகீழாக்கி மாட்டிக்கொண்ட மனிதர் தீக்குச்சியை நிமிர்த்தி வைத்ததில் என்ன ஆச்சரியம்!

அவர் படங்களில் மிஞ்சியவற்றைப் பார்த்தால் தந்திரக் காட்சிகள் நிறைய இருக்கின்றன. 'லங்கா தகன்' 1917-இல் வந்தது. ராமர், சீதை இரண்டு வேஷமும் சாலுங்கே என்ற ஒரே நடிகர். சென்னையில் அந்தப் படத்தின் வசூல் காசை மாட்டு வண்டியில் போலீஸ் காவலோடு கொண்டு போனதாக ஒரு கதை இன்றும் சொல்லப்படுகிறது. 1919-இல் 'காளிய மர்தன்'. பால்கேயின் சின்ன மகள் மந்தாகினிதான் கிருஷ்ணன். தொடக்கத்தில் அந்தக் குழந்தையின் முகபாவங்களைத் தனியாகக் காட்டிவிட்டுத்தான் கதைக்குள் போகிறார்: இதோ பாருங்கள், இது என் நடிகை, இனி இவள் கடவுள். மந்திரவாதி சட்டைக் கையை மடித்துக் காட்டுகிற மாதிரி.

இந்த இடத்தில்தான் நான் சொல்ல வந்த விஷயம் பிடிபட்டது. 'லங்கா தகன்' படத்தில் அனுமார் பறக்கிறார். பார்ப்பவர் கும்பிடுகிறார். தீக்குச்சி எழுந்து நடக்கிறது. பார்ப்பவர் சிரிக்கிறார். இரண்டுமே கேமராவை நிறுத்தி, நகர்த்தி, மறுபடி ஓட்டும் ஒரே குடும்பத்து வித்தைகள்தான். பிறகு வித்தியாசம் எங்கே?

காரணத்தில். அனுமார் பறப்பதற்கு ஒரு காரணம் இருக்கிறது: அவர் வாயு புத்திரன். தீக்குச்சி நடப்பதற்கு எந்தக் காரணமும் இல்லை. காரணம் உள்ள அதிசயம் பக்தியாகிறது. காரணம் இல்லாத அதிசயம் நகைச்சுவையாகிறது.

பால்கேயிடம் இரண்டு பைகள் இருந்தன என்று நினைத்துக்கொள்கிறேன். ஒரு பையில் காரணமுள்ள அதிசயம், இன்னொன்றில் காரணமில்லாதது. அவர் காலத்துக் காட்சியில் இரண்டுக்கும் இடம் இருந்தது. புராணப் படம் 'மோகினி பஸ்மாசுர்' ஓடியபோது அதோடு 'பீட்டாச்சே பஞ்ஜே' என்ற சிரிப்புத் துணுக்கையும் சேர்த்துத்தான் காட்டினார். நம் தெருக்கூத்து மாதிரிதான். திரௌபதி துகிலுரியப்பட்டுக்கொண்டிருக்கும் அதே ராத்திரியில் கட்டியங்காரன் வந்து சம்பந்தமே இல்லாமல் எதையாவது பேசிவிட்டுப் போவான். அவன் இல்லாமல் கூத்து இல்லை. நாம் எழுதி வைத்த சினிமா வரலாறு முதல் பையை மட்டும் எடுத்துக்கொண்டது. இரண்டாவது பைக்கு "இந்தியாவின் முதல் அனிமேஷன்" என்று சீட்டு ஒட்டிப் பரணில் போட்டுவிட்டது.

ஒரு ஆட்சேபம்

"ரொம்ப ஓவரா ஏத்தி வைக்கிறே" என்று ஒரு நண்பர் சொன்னார். அவர் வாதத்தில் நியாயம் இருக்கிறது. 1914-இல் உலகப் போர் வந்தது. கச்சா பிலிம் ஐரோப்பாவிலிருந்து வர வேண்டும், தட்டுப்பாடு. பணம் போடுகிறவர்கள் பின்வாங்கினார்கள். பெரிய படம் எடுக்க வழியில்லாமல் பால்கே துண்டுப் படங்கள் எடுத்தார். தீக்குச்சிப் படமும் அந்தக் காலத்து விளைச்சல்தான். ஆகவே இது பரிசோதனை முயற்சி ஒன்றும் இல்லை, பஞ்சம் பிழைத்தது. நடிகருக்குச் சம்பளம் கொடுக்க முடியாதவர் குச்சியை நடிக்க வைத்தார், அவ்வளவுதானே?

யோசித்துப் பார்த்தேன். பஞ்சம் என்பது உண்மை. ஆனால் பஞ்சத்தில் ஒருவர் என்ன செய்கிறார் என்பது அவரவர் சுபாவம். பால்கே காசில்லாதபோது தன் பழைய படங்களை மட்டுமே ஊர் ஊராக ஓட்டிக்கொண்டு இருந்திருக்கலாம். அவர் செய்தது, மேஜை மேல் தீக்குச்சியைக் கொட்டி, ஒவ்வொன்றாக நகர்த்தியது. இன்னொன்று: ஸ்டாப் மோஷனில் மிச்சமாவது பணம்தான், உழைப்பு இல்லை. ஒரு நிமிஷப் படத்துக்குக் கிட்டத்தட்ட ஆயிரம் தடவை நிறுத்தி, தொட்டு, விலகி, எடுக்க வேண்டும். வேறு வழியில்லாதவன் எடுத்த குறுக்கு வழி இது இல்லை. குறுக்கு வழி என்றால் குறுக்கே இருக்க வேண்டாமா?

டைனிங் டேபிளில் 192 ஃபிரேம்

மூன்றாம் வழிக்கு வருவோம். ஒரு ஞாயிற்றுக்கிழமை, மயிலாப்பூரில் எங்கள் வீட்டு டைனிங் டேபிள். அண்ணாச்சி கடையில் வாங்கிய ஒரு தீப்பெட்டி. கறுப்பு சார்ட் பேப்பர். ஸ்டாண்ட் இல்லாததால் இரண்டு அரிசி டப்பாவுக்கு நடுவில் ஸ்கேலை வைத்து, அதன்மேல் செல்போனைக் கவிழ்த்து வைத்தேன். உதவி இயக்குநர், ஐந்தாம் வகுப்புப் படிக்கும் என் மகள். 12 நொடிப் படம், நொடிக்கு 16 வீதம் 192 ஃபிரேம்.

முதல் சிக்கல், ஃபேன். போட்டால் குச்சி பறக்கிறது. அணைத்தால் நாங்கள் வேகிறோம். மே மாதம். இரண்டாவது, வெயில். ஜன்னல் வெளிச்சம் நிமிஷத்துக்கு நிமிஷம் மாறியதால் படம் முழுக்கப் பளிச், மங்கல், பளிச். பால்கே தொட்டிக்கு எதிரே ஒரு மாதம் என்ன பாடுபட்டிருப்பார் என்று அப்போதுதான் புரிந்தது. மூன்றாவது, 74-ஆவது ஃபிரேமில் என் மகளின் கட்டைவிரல். வரைந்தவரின் கை எட்டிப் பார்க்கும் கோலின் படத்துக்கு மரியாதை என்று சொல்லி அதை அப்படியே விட்டுவிட்டோம்.

கதை சுலபம். பெட்டியிலிருந்து ஒரு குச்சி வெளியே வர வேண்டும், மேஜையைச் சுற்றிப் பார்க்க வேண்டும், திரும்பிப் பெட்டிக்குள் போய்விட வேண்டும். என் தொழில் புத்தி, ஸ்கேல் வைத்து ஃபிரேமுக்குச் சரியாக ஐந்து மில்லிமீட்டர் நகர்த்தினேன். லீனியர் இன்டர்போலேஷன். ஓட்டிப் பார்த்தோம். குச்சி நகர்ந்தது. அவ்வளவுதான், நகர்ந்தது. லிஃப்ட் நகர்கிற மாதிரி. சிரிப்பும் இல்லை, உயிரும் இல்லை.

நடுவில் அம்மா காபியோடு வந்து நின்று பார்த்தார். "எதுக்குடா இது? யாருக்குக் காட்டப் போறே?" என்றார். எனக்குப் பதில் சொல்ல வரவில்லை. அந்தக் கேள்வியைக் கவனித்தபடியே, எதையும் நகர்த்தாமல், விரல் பட்டு எட்டு ஃபிரேம் வீணாக எடுத்துவிட்டேன். அழிக்கப் போனபோது மகள்தான் "இருக்கட்டும்ப்பா" என்றாள்.

இரண்டாவது முறை ஓட்டினோம். குச்சி மேஜை விளிம்பு வரை வந்தது. அந்த எட்டு ஃபிரேம், அதாவது சரியாக அரை நொடி, அங்கேயே நின்றது. பிறகு திரும்பியது. அம்மா சட்டென்று சிரித்துவிட்டார். "பயந்து போச்சு பாரு!"

எது பயந்து போனது? ஒரு குச்சி. நகர்ந்தபோது அது பொருளாக இருந்தது. நின்றபோது அது ஒரு ஆளாகிவிட்டது. நாங்கள் செய்த 184 வேலைகளில் வராத உயிர், செய்யாமல் விட்ட எட்டில் வந்தது. கெர்ட்டி ஏன் உத்தரவு கிடைத்ததும் உடனே காலைத் தூக்காமல் கொஞ்சம் யோசிக்கிறது, கொசு ஏன் குத்துவதற்கு முன் முகத்தைச் சுற்றிச் சுற்றிப் பார்க்கிறது என்பதெல்லாம் எனக்கு விளங்கிய இடம் இது. முன்னால் இவற்றை ஒன்றரை மடங்கு வேகத்தில் பார்த்தபோது நான் ஓட்டிவிட்டது இந்த அரை நொடிகளைத்தான். படத்தையே ஓட்டிவிட்டு, படத்தில் ஒன்றுமில்லை என்று எழுதியிருக்கிறேன்.

அந்தப் பை எங்கே போனது?

பிற்பாடு மேற்கில் இந்த விளையாட்டு ஒரு தொழிலானது. 1919-இல் வந்த ஃபெலிக்ஸ் பூனை தன் வாலைக் கழற்றித் துடுப்பாகவும் கொக்கியாகவும் உபயோகிக்கும். தலைக்கு மேல் வரும் கேள்விக்குறியைக்கூட எடுத்து உபயோகிக்கும். ஃப்ளைஷர் சகோதரர்களின் கோமாளி கோகோ மைப்புட்டியிலிருந்து கிளம்பி வரைந்தவரோடேயே சண்டை போடுவான். பிறகு பேசும் படமும் டிஸ்னியும் வந்து, பாத்திரங்களுக்கு எடையும் நியாயமும் கொடுத்தபோது அந்தக் கோர்வையற்ற சுதந்திரம் குறைந்தது.

நம்ம ஊரில்? அது காணாமல் போகவில்லை, மாறுவேஷம் போட்டுக்கொண்டது என்பது என் கட்சி. வடபழனி வாகினி ஸ்டூடியோவில் எடுத்த 'மாயாபஜார்' நினைவிருக்கிறதா? 1957, கே.வி. ரெட்டி இயக்கம், மார்க்கஸ் பார்ட்லி ஒளிப்பதிவு. கல்யாணச் சமையல் கூடத்தில் எஸ்.வி. ரங்காராவ் கடோத்கஜனாக உட்கார்ந்திருக்க, லட்டுகள் தாமாகவே கிளம்பி வாய்க்குள் போகும். கேட்டால் காரணம் இருக்கிறது: அவன் அசுரன், மாயை. ஆனால் யார் அந்தக் காட்சியில் மாயையைப் பார்த்தார்கள்? நாம் பார்த்தது லட்டை. தீக்குச்சியின் தம்பி அந்த லட்டு. புராணம் அதற்கு டிக்கெட் வாங்கிக் கொடுத்தது, உள்ளே வந்ததும் அது தன் வேலையைக் காட்டிவிட்டது. என் 'காரணம்' சூத்திரத்தில் இந்த லட்டு ஒரு ஓட்டையைப் போட்டுவிடுகிறது என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். காரணம் இருந்தும் நாம் சிரிக்கிறோமே! எனவே சூத்திரத்தை இப்படித் திருத்துகிறேன்: பார்ப்பவர் காரணத்தை மறந்துபோகும் கணத்தில் பக்தி சிரிப்பாகிறது. நல்ல கலைஞர்களுக்கு அந்தக் கணம் எப்போது வரும் என்று தெரிந்திருந்தது.

ஆனால் மாறுவேஷத்துக்கு ஒரு விலை உண்டு. காரணம் சொல்லாமல் ஒரு பொருளைத் திரையில் ஆடவிடும் தைரியம் நமக்குப் போய்விட்டது. இன்றும் ஒரு அனிமேஷன் குறும்படத்தை யாரிடமாவது காட்டினால் "மெசேஜ் என்ன?" என்றுதான் கேட்கிறார்கள்.

பிரதிகள் அழிந்ததும் இதற்கு உடந்தை. மௌன காலத்துப் படங்கள் நைட்ரேட் பிலிமில் இருந்தன. சுலபமாகத் தீப்பற்றும் பொருள். யோசித்தால் விசித்திரமாக இருக்கிறது: தீக்குச்சிகள் ஆடிய அந்தப் பிலிமே ஒரு நீளமான தீக்குச்சிதான். எரிந்தது பாதி, வெள்ளிக்காக உருக்கியது பாதி, வெக்கையில் கரைந்தது பாதி. எண்ணிக்கை இடிக்கிறது என்று தெரியும், இழப்பின் கணக்கு அப்படித்தான் இருக்கிறது. தென்னிந்திய மௌனப் படங்களில் நாம் இன்று பார்க்கக் கிடைப்பது ஏறக்குறைய 'மார்த்தாண்ட வர்மா' ஒன்றுதான். அதுவும் பிழைத்தது ஒரு காப்புரிமை வழக்கில் மாட்டிக்கொண்டு, ஊர் சுற்றாமல் முடங்கிக் கிடந்ததால். பால்கே படங்களில் மிஞ்சியவை புனேயில் உள்ள தேசிய திரைப்பட ஆவணக் காப்பகத்துக்குக் கிடைத்தது பி.கே. நாயர் என்ற மனிதரின் பிடிவாதத்தால். 'காளிய மர்தன்' கிடைத்தது. ஹரிச்சந்திரனில் பாதி கிடைத்தது. தீக்குச்சிகள் கிடைக்கவில்லை. கடவுள் படங்களின் சுருளைப் பத்திரப்படுத்த யாருக்காவது தோன்றியிருக்கும். குச்சி ஆடும் படத்தை எதற்கு வைத்துக்கொள்ள வேண்டும்?

எதற்கு. மறுபடியும் அம்மா கேட்ட அதே வார்த்தை.

எங்கள் 12 நொடிப் படம் செல்போனில் இருக்கிறது. யாருக்கும் அனுப்பவில்லை. போன வாரம் அம்மாவே கேட்டார்: "அந்தக் குச்சி பயப்படுமே, அதை இன்னொரு தடவை போடு." போட்டேன். எட்டு ஃபிரேம் வந்தது. சரியாக அந்த இடத்தில் மறுபடி சிரித்தார். எதுக்கு என்று இந்தத் தடவை கேட்கவில்லை.